நிழல் இல்லாத படத்துக்கு நிழல் போட்டு குடுத்த பிரின்ட் கடை – சேலத்துல என் அனுபவம்

முதல்லயே சொல்லிடறேன், கடை பேரை இதுல போடல. கடைக்கார அண்ணனே கேட்டுக்கிட்டார், "நல்லது கெட்டது ரெண்டும் எழுதுங்க டீச்சர், பேர் மட்டும் வேண்டாங்க, இருக்கிற ஃபிளெக்ஸ் வேலையே முடிக்க முடியல"ன்னு. செவ்வாய்ப்பேட்டை பக்கம் ஒரு சந்து, முன்னாடி பழைய ஃப்ரேம் கடை, அவங்க அப்பா காலத்துல இருந்து சாமி படம், கல்யாண போட்டோ, இறந்தவங்க போட்டோ எல்லாம் கண்ணாடி போட்டு குடுத்த கடை, இப்ப பின்னாடி ரூம்ல கேன்வாஸ் பிரின்ட் அடிக்கிற பெரிய மெஷின் வாங்கி போட்டிருக்காங்க. அண்ணன், கல்லாவுல அவர் வீட்டுக்கார அக்கா, டிசைனுக்கு ஒரு தம்பி, சட்டம் அடிக்க ஒரு பெரியவர், அவ்ளோதான் ஆளுங்க.

நான் ஏற்காட்டுல ஒரு ஸ்கூல்ல டிராயிங் டீச்சர். டிராயிங் ரூம் சுவர்ல இத்தனை வருஷமா இருந்தது பழங்கள் சார்ட்டும் கலர் வீல் சார்ட்டும்தான், அதுவும் பனியில நமத்துப் போய் ஓரம் சுருண்டுடுச்சு. இந்த வருஷம் நானே காசு போட்டு நல்ல பிரின்ட் ரெண்டு மாட்டலாம்னு முடிவு பண்ணேன். ரெண்டுமே பிரெஞ்சு ஓவியர் எட்வார்ட் மானே வரைஞ்சது. ஒண்ணு 1866ல வரைஞ்ச புல்லாங்குழல் ஊதுற பையன், இன்னொண்ணு 1882ல வரைஞ்ச ஃபோலி பெர்ஜேர்ங்கிற பாரிஸ் கேளிக்கை அரங்கத்தோட பார். மானே வேற, அல்லிக்குளம் வரைஞ்ச மோனே வேற. இந்த கடை பில்லுலயும் "மோனே 2 படம்"னுதான் எழுதியிருக்கு, அதுக்கு நான் கோச்சுக்கல, ஏன்னா 1865ல பாரிஸ்லயே இந்த குழப்பம் நடந்திருக்கு, புதுசா வந்த மோனேயோட கடல் படத்தை பார்த்துட்டு ஆளுங்க மானே கிட்ட வந்து பிரமாதம்னு பாராட்டிட்டு போனாங்களாம், மனுஷனுக்கு அவ்ளோ கோவம் வந்துச்சாம்.

புல்லாங்குழல் பையன் படத்தை ஒரிஜினல் சைஸ்லயே அடிக்கணும்னு எனக்கு ஆசை. ஒரிஜினல் 161 சென்டிமீட்டர் உயரம், 97 அகலம், இப்ப பாரிஸ்ல ஓர்சே மியூசியத்துல இருக்கு. அந்த சைஸ்ல அடிச்சா படத்துல இருக்கிற பையன் கிட்டத்தட்ட என் ஆறாம் கிளாஸ் பசங்க உயரம் வருவான். புக்குல கட்டைவிரல் சைஸ்ல பார்க்கிறதுக்கும் பக்கத்துல போய் தோளோட தோள் நிக்கிறதுக்கும் எவ்ளோ வித்தியாசம் இருக்குன்னு பசங்களுக்கு தெரியணும். பார் படம் பாதியை விட கொஞ்சம் பெருசு, 24க்கு 32 இன்ச். மானே இறந்தது 1883ல, அதனால காப்பிரைட் பிரச்சனை எதுவும் இல்ல, நல்ல ரெசல்யூஷன் ஃபைலா இறக்கி பென்டிரைவ்ல கொண்டு போனேன். (வாட்ஸ்அப்ல போட்டோவா அனுப்பாதீங்க, அது படத்தை நசுக்கிடும், எந்த கடைக்கு போனாலும் இதை ஞாபகம் வெச்சுக்கோங்க.)

ஆர்டர் எடுத்த விதத்துல குறையே இல்ல. பொறுமையா உக்கார வெச்சு டீ வாங்கி குடுத்து, ஃபைலை ஓப்பன் பண்ணி 100 பர்சென்ட்ல காட்டி, "இங்க உடையாது டீச்சர், தைரியமா அடிக்கலாம்"னு சொன்னார். கேன்வாஸ் ஸ்கொயர் ஃபீட் 180 ரூபா, சட்டம் தனி, ஃப்ரேம் தனி. அட்வான்ஸ் 3,000 குடுத்தேன், பத்து நாள்ல வாங்கன்னார்.

பத்து நாள் கழிச்சு பஸ் புடிச்சு இறங்கினேன். அண்ணன் ரோலை விரிச்சார். எனக்கு பேச்சே வரல.

பையன் கால் கீழ நிழல். சாய்ஞ்ச மாதிரி நீளமா, ஃபோட்டோஷாப் நிழல். பின்னாடி சாம்பல் கலர்ல தரை எது சுவர் எதுன்னு தெரியாம ஒரே வெளியா இருக்குமே, அங்க ஒரு கோடு போட்டு தரையை தனியா பிரிச்சு, மேல வெளிச்சம் கீழ இருட்டுன்னு கிரேடியன்ட் விட்டிருக்கு. மூஞ்சியில ஒரு பக்கம் லேசா ஷேடு வேற. சிவப்பு பேன்ட்டுக்கு மடிப்பு கூட வந்திருக்கு. டிசைன் தம்பி பக்கத்துல சந்தோஷமா நிக்கிறான், "மிஸ், ஃபைல்ல பையன் அந்தரத்துல தொங்குற மாதிரி இருந்தான், ஃப்ளாட்டா ஸ்டிக்கர் ஒட்டின மாதிரி, அதான் கொஞ்சம் கரெக்ட் பண்ணி டெப்த் குடுத்தேன், காசு எதுவும் வேண்டாம்"ங்கிறான்.

17 ஸ்கொயர் ஃபீட் கேன்வாஸ். என்னைக் கேக்காம. எனக்கு வந்த கோவத்துக்கு அளவே இல்ல, இந்த ரிவியூல நான் ஒரு ஸ்டார் குறைக்கிறதுக்கு காரணமும் இதுதான், கஸ்டமர் ஃபைலை கேக்காம தொடக்கூடாது, அது கல்யாண போட்டோவா இருந்தாலும் சரி, 160 வருஷத்து ஓவியமா இருந்தாலும் சரி.

ஆனா பஸ் ஸ்டாண்டுக்கு திரும்பி போயிடாம அங்கயே உக்காந்து யோசிச்சப்ப எனக்கு இன்னொண்ணு பட்டுச்சு. இந்த தம்பி சேர்த்தது ஒவ்வொண்ணும், நிழல், தரை, ஷேடு, டெப்த், அந்த காலத்து பாரிஸ் அகாடமி ஒரு படத்துல எதிர்பார்த்த விஷயங்கள்தான். அதே கண்ணோட பார்த்த தேர்வுக் குழு இந்த புல்லாங்குழல் பையனை 1866ல சலோன்ங்கிற பெரிய கண்காட்சியில வைக்க முடியாதுன்னு திருப்பி அனுப்புச்சு. இவன் அந்த குறையை எல்லாம் நிவர்த்தி பண்ணி குடுத்திருக்கான், அவ்ளோதான். அந்த கண்ணு இவனுக்கு எங்க இருந்து வந்துச்சு? நான்தான் வருஷா வருஷம் பசங்களுக்கு அதையே சொல்லி குடுக்கிறேனே. ஜாடியை வை, வெளிச்சம் ஒரு பக்கம் வரட்டும், இங்க ஹைலைட், இங்க ஹாஃப் டோன், இங்க ஷேடோ, கீழ விழுற நிழலை மறக்காத. டிராயிங் லோயர் ஹையர் பரிட்சை எழுதினவங்க எல்லாருக்கும் இது மனப்பாடம். 1850ல ஹன்ட்டர்னு ஒரு டாக்டர் மெட்ராஸ்ல ஆர்ட் ஸ்கூல் ஆரம்பிச்சாரே, அந்த மாதிரி பள்ளிக்கூடங்க வழியா ஐரோப்பாவோட பாடம் இங்க வந்துச்சு. ரவி வர்மா அந்த ஆயில் பெயின்டிங் பாணியில லட்சுமியையும் சரஸ்வதியையும் வரைஞ்சு, 1894ல பிரஸ் வெச்சு வீடு வீடா கொண்டு சேர்த்தார். அப்புறம் மெட்ராஸ் ஸ்கூல்ல படிச்ச கொண்டையராஜு நாடக கம்பெனிக்கு திரை வரைஞ்சுக்கிட்டு கோவில்பட்டிக்கு போய் செட்டில் ஆகி, அவரும் அவர் சிஷ்யர்களும் வரைஞ்ச சாமிங்க சிவகாசி காலண்டர்ல ஏறி நம்ம பூஜை ரூமுக்கே வந்துட்டாங்க. வழவழன்னு, பிரஷ் தடம் தெரியாம, கன்னத்துல நிழலோட. அந்த படங்களை நான் குறைச்சு சொல்லல, கொண்டையராஜு முருகனை பார்த்துதான் நானே பென்சில் எடுத்தேன். ஆனா அது ஒரு வழி. படம்னாலே அதுதான்னு நம்ம கண்ணு நினைச்சுக்கிச்சு.

அண்ணன் கிட்ட இதை சொல்ல ஆரம்பிச்சேன். அன்னைக்கு மத்தியானம் கூட்டம் இல்ல, அக்காவும் கல்லாவை விட்டு எழுந்து வந்துட்டாங்க, தம்பி தலையை குனிஞ்சுக்கிட்டே கம்ப்யூட்டர் முன்னாடி உக்காந்திருந்தான். அவனைத்தான் ஒவ்வொரு படமா தேடி ஓப்பன் பண்ண சொன்னேன்.

மானே 1832ல பாரிஸ்ல வசதியான குடும்பத்துல பிறந்தவர், அப்பா நீதித்துறையில பெரிய ஆள். பையனை வக்கீலாக்க பார்த்து, அது வேண்டாம்னு கப்பல் படைக்கு அனுப்ப பார்த்து, அந்த பரிட்சையில ரெண்டு தடவை ஃபெயில் ஆனதுக்கு அப்புறம்தான் வரைய விட்டாங்க. கூத்யூர்னு அந்த காலத்துல பேர் எடுத்த ஓவியர் கிட்ட ஆறு வருஷம் படிச்சார். அங்கயே தகராறு. மாடலுக்கு நிக்கிறவங்க நெஞ்சை நிமிர்த்திக்கிட்டு ரோமாபுரி வீரன் மாதிரி போஸ் குடுத்தா இவருக்கு ஆகாது, முள்ளங்கி வாங்க கடைக்கு போறப்பவும் இப்படித்தான் நிப்பீங்களான்னு கேப்பாராம், கூட படிச்ச நண்பர் புரூஸ்ட் எழுதி வெச்சிருக்கார். இதை சொன்னதும் சட்டம் அடிக்கிற பெரியவர் உள்ள இருந்து சிரிச்சார்.

அப்ப பாரிஸ்ல ஓவியனா பொழைக்கணும்னா சலோன்னு அரசாங்கம் நடத்துற கண்காட்சியில படம் தொங்கணும். அதுக்கு ஒரு ஜூரி. அவங்களுக்கு ஒரு ஏணி இருந்துச்சு, மேல் படியில சரித்திரம், புராணம், பைபிள், அப்புறம் உருவப்படம், கீழ இயற்கைக் காட்சி, கடைசி படியில பூவும் பழமும். பெரிய கேன்வாஸ் வேணும்னா பெரிய விஷயம் வேணும். பிரஷ் தடம் தெரியக்கூடாது. பழுப்பு கலர்ல அடிப்படை போட்டு, இருட்டுல இருந்து வெளிச்சத்துக்கு படிப்படியா டோன் ஏத்தி, மேல மெலிசா கலர் பூசி வழுவழுப்பா முடிக்கணும். 1859ல மானே முதல் தடவை ஒரு குடிகாரன் படத்தை அனுப்பினார், உயரமான கருப்பு தொப்பி, கீழ உருண்டு கிடக்கிற பாட்டில். ஜூரியில டெலக்ரோவாங்கிற பெரிய ஓவியர் மட்டும் ஆதரவா இருந்தார், படம் திரும்பி வந்துடுச்சு.

1863ல ஜூரி வந்த படத்துல பாதிக்கும் மேல தள்ளிட்டாங்க. ஊர்ல ஒரே சத்தம். பிரான்ஸ் சக்கரவர்த்தி மூன்றாம் நெப்போலியனே, சரி, தள்ளின படங்களையும் தனியா மாட்டுங்க, ஜனங்களே பார்த்து முடிவு பண்ணட்டும்னு உத்தரவு போட்டார். அங்கதான் மானேயோட புல்வெளி விருந்து படம் தொங்குச்சு, ரெண்டு மீட்டருக்கு மேல உயரம், சரித்திர படத்துக்கு எடுத்துக்கிற சைஸ். ஆனா அதுல இருந்தது கோட்டு போட்ட ரெண்டு பாரிஸ்காரங்க, அவங்க பக்கத்துல துணியில்லாம ஒரு பொண்ணு, அவ நேரா நம்மளையே பார்க்கிறா. ஜனங்க சிரிச்சாங்க, திட்டினாங்க. அந்த உக்காந்திருக்கிற அமைப்பு ரஃபேல் வரைஞ்சதை ரைமொண்டி செதுக்கின ஒரு பழைய அச்சுப் படத்துல இருந்து அப்படியே எடுத்தது, அதை பெரும்பாலானவங்க கவனிக்கவே இல்ல. பழசு தெரியாம இவர் புதுசு பண்ணல, லூவ்ர் மியூசியத்துல உக்காந்து காப்பி பண்ணி பண்ணி பழசை கரைச்சு குடிச்சவர் இவர்.

அதே 1863ல சலோன்ல கபனெல்னு ஒருத்தர் வரைஞ்ச வீனஸ் பிறப்பு படத்தை நெப்போலியனே விலை குடுத்து வாங்கினார். தம்பி கிட்ட அந்த வீனஸையும், மானே அதே வருஷம் வரைஞ்சு 1865ல சலோன்ல மாட்டின ஒலிம்பியாவையும் பக்கத்துல பக்கத்துல போட சொன்னேன். ரெண்டும் படுத்திருக்கிற பொண்ணுதான், ரெண்டுலயும் துணி இல்ல. வீனஸ் கடல் அலை மேல கையை கண்ணு மேல வெச்சுக்கிட்டு மயங்கி கிடக்கா, மேல குட்டி தேவதைங்க பறக்குது. ஒலிம்பியா கட்டில்ல கழுத்துல ஒரு கருப்பு நாடா கட்டிக்கிட்டு படுத்திருக்கா, வேலைக்காரப் பொண்ணு யாரோ குடுத்தனுப்பின பூவை கொண்டு வந்து நீட்டுறா, கால் மாட்டுல ஒரு கருப்பு பூனை. மானே எடுத்துக்கிட்ட அமைப்பு இத்தாலி ஓவியர் டிஷியன் 1538ல வரைஞ்ச வீனஸோடது, அதுல கால் மாட்டுல நாய்க்குட்டி தூங்கும், இங்க பூனை வாலை தூக்கி நிக்குது.

இதெல்லாம் நான் சொல்றதுக்கு முன்னாடியே அக்கா ரெண்டையும் மாறி மாறி பார்த்துட்டு சொன்னாங்க, "இந்தப் பொண்ணு தூங்குது டீச்சர், யார் வேணா நின்னு பார்த்துக்கலாம். இவ அப்படி இல்ல, என்னடா பார்க்கிறன்னு கேக்குறா."

நான் இதைப் பத்தி எவ்வளவோ படிச்சிருக்கேன், இவ்ளோ சுருக்கமா யாரும் சொல்லி நான் கேட்டதில்ல. பாரிஸ்ல ஜனங்களுக்கு கோவம் வந்தது துணி இல்லாததுக்கு மட்டும் இல்ல, அந்த மாதிரி படம் சலோன் பூரா இருந்துச்சு. தேவதைன்னு பேர் வெச்சா எல்லாரும் நிம்மதியா பார்க்கலாம். இவ பாரிஸ்ல அப்ப காசுக்கு வர்ற பொண்ணு, பார்க்கிற ஆளோட கண்ணையே திருப்பி பார்க்கிற பொண்ணு. படத்தை குத்திடுவாங்களோன்னு காவல் போட்டாங்க, அப்புறம் கதவுக்கு மேல எட்டாத உயரத்துல ஏத்திட்டாங்க. கூர்பேன்னு இன்னொரு ஓவியர், அவரும் பெரிய கலகக்காரர்தான், அவரே இது சீட்டுக்கட்டு ராணி மாதிரி தட்டையா இருக்குன்னு சொன்னாராம். தட்டையா. இதை சொல்லிட்டு தம்பியை பார்த்தேன், அவன் முதல் தடவையா தலையை தூக்கினான். "நானும் அதானே மிஸ் சொன்னேன்"னான்.

ஆமா, அதைத்தான் சொன்னான். மானே அந்த தட்டையை தெரிஞ்சேதான் செஞ்சார். நேருக்கு நேரா விழுற வெளிச்சத்துல நடுவுல இருக்கிற ஹாஃப் டோன் எல்லாம் அழிஞ்சு போயிடும், வெளிச்சம் இருட்டு ரெண்டும் பக்கத்துல பக்கத்துல வந்து மோதும், அதை அப்படியே வெச்சார். அப்ப பாரிஸ்ல வந்து இறங்கின ஜப்பான் அச்சுப் படங்களையும் பார்த்தார். 1865ல ஸ்பெயினுக்கு போய் வெலாஸ்கெஸ்ங்கிற பழைய ஓவியரோட படங்களை பார்த்து மலைச்சு போய் வந்தார், அங்க ஒரு ஆளை நிக்க வெச்சு சுத்தி வெறும் காத்தை மட்டும் வரைஞ்சிருப்பார் வெலாஸ்கெஸ். திரும்பி வந்த கையோட வரைஞ்சதுதான் இந்த புல்லாங்குழல் பையன். தரையும் இல்ல சுவரும் இல்ல, ஷூ கிட்ட ஒரு துளி நிழல், அவ்ளோதான், ஆனாலும் அவன் நிக்கிறான். பேன்ட் ஓரத்துல மேல இருந்து கீழ வரைக்கும் ஓடுற அந்த கருப்பு பட்டை, குறுக்க போற வெள்ளை பெல்ட், பித்தளை உறை, அந்த கலர் கலருக்கு நடுவுல இருக்கிற விளிம்பே அவனை நிக்க வைக்குது. இது கேன்வாஸ், மேல பெயின்ட் இருக்கு, இதை மறைச்சு ஜன்னல் வழியா பார்க்கிற மாதிரி உங்களை ஏமாத்த மாட்டேன்னு அவர் சொல்றதா எனக்கு தோணும். கிளெமென்ட் கிரீன்பெர்க்னு அமெரிக்க விமர்சகர் பின்னாடி 1960ல எழுதினப்ப, படம் தட்டைங்கிறதை மறைக்காம ஒத்துக்கிட்டதாலதான் மானே படங்கள் முதல் நவீன ஓவியங்கள்னு சொன்னார். செசான் ஒலிம்பியாவை வெச்சு தனியா ஒண்ணு வரைஞ்சார், பிக்காசோ எழுபது வயசு தாண்டி புல்வெளி விருந்தை திரும்ப திரும்ப வரைஞ்சு தள்ளினார்.

அந்த பையன் படத்தை ஜூரி தள்ளினப்ப அதுக்காக பேப்பர்ல சண்டை போட்டவர் எழுத்தாளர் எமில் ஸோலா, அப்ப அவருக்கு இருபத்தாறு வயசு. வாசகர்கள் எதிர்ப்புல அந்த தொடரையே பாதியில நிறுத்த வேண்டியதாச்சு. மானே நன்றிக்கு அவரை வரைஞ்சு குடுத்தார். 1867ல உலகக் கண்காட்சி நடந்தப்ப தன்னை சேர்க்க மாட்டாங்கன்னு தெரிஞ்சு, வீட்டுப் பணத்தை போட்டு தனியா ஒரு கொட்டகை போட்டு அம்பது படத்தை மாட்டினார். கூட்டம் வந்து சிரிச்சுட்டு போச்சு.

அண்ணன் ஒரே ஒரு கேள்வி கேட்டார், "இவ்ளோ அடிச்சாங்களே டீச்சர், அப்புறம் எதுக்கு அங்கயே அனுப்பிக்கிட்டு இருந்தார்?" நல்ல கேள்வி. 1874ல மோனே, தெகா, ரெனுவார், மோரிசோ எல்லாம் சேர்ந்து சலோனே வேண்டாம்னு தனிக் கண்காட்சி ஆரம்பிச்சாங்க, அவரை அண்ணனா நினைச்சவங்க, கூப்பிட்டாங்க, அவர் எட்டு கண்காட்சியில ஒண்ணுல கூட கலந்துக்கல. அந்த பெரிய வாசல் வழியாதான் உள்ள போவேன்னு கடைசி வரைக்கும் நின்னார். எனக்கு அவர் மேல இருக்கிற மரியாதையே அங்கதான். விட்டுட்டு போறது சுலபம்னு சொல்லல, ஆனா உள்ள நின்னு திரும்ப திரும்ப அடி வாங்கி, அந்த ஜூரியோட கண்ணையே மாத்தணும்னு நினைக்க ஒரு நெஞ்சு வேணும்.

பேசி முடிச்சப்ப மணி அஞ்சு. அண்ணன் எழுந்து, "டீச்சர், புதுசா அடிச்சு தரேங்க, ஒரு பைசா வேண்டாம், தப்பு எங்களோடது"ன்னார். அந்த இடத்துல இந்த கடை மேல எனக்கு நம்பிக்கை வந்துடுச்சு. தம்பி அப்புறம் பண்ணதுதான் இன்னும் பெருசு. மானேக்கு உயிரே கருப்புலதான் இருக்கு, மத்த ஓவியர்கள் கலர் தட்டுல இருந்து கருப்பை தூக்கி போட்டப்பவும் இவர் விடல. பையனோட சட்டை, பேன்ட் பட்டை, ரெண்டும் ஒரே கருப்பு இல்ல. சாதாரணமா அடிச்சா எல்லாம் ஒரே தார் மாதிரி அடைச்சுக்கும். தம்பி அஞ்சு சின்ன துண்டு டெஸ்ட் பிரின்ட் அடிச்சு, கதவு கிட்ட பகல் வெளிச்சத்துல வெச்சு எந்த கருப்பு சரின்னு கேட்டு கேட்டு செட் பண்ணான். நான் கேக்காமயே.

பார் படத்துலயும் ஒரு பிரச்சனை வந்துச்சு, இதை கேன்வாஸ் அடிக்கிற எல்லாரும் தெரிஞ்சுக்கணும். கேன்வாஸை சட்டத்துல மடிச்சு அடிக்கிறப்ப நாலு பக்கமும் ஒன்றரை இன்ச் உள்ள போயிடும். அந்தப் படத்துல இடது மேல் மூலையில, ஃப்ரேமை ஒட்டி, ரெண்டு குட்டி பச்சை ஷூ தொங்கும். ஊஞ்சல்ல வித்தை காட்டுற பொண்ணோட கால், கால் மட்டும்தான் தெரியும். முதல் பிரின்ட்ல அது மடிப்புக்குள்ள போயிடுச்சு. நல்லவேளை ஆணி அடிக்கிறதுக்கு முன்னாடி பார்த்தேன். ஓரத்துல தனியா பார்டர் கலர் விட்டு திரும்ப அடிச்சாங்க. ஆர்டர் குடுக்கிறப்பவே "ஓரம் மடிக்கிறதுக்கு எக்ஸ்ட்ரா விடுங்க, படம் உள்ள போகக்கூடாது"ன்னு எழுதி வாங்கிடுங்க.

இந்த தடவை தம்பி எதையும் தொடல, ஆனா ஒரு சந்தேகம் கேட்டான். "மிஸ், பார்ல நிக்கிற பொண்ணு நேரா நிக்குது, பின்னாடி கண்ணாடி. அப்ப அதோட முதுகு அதுக்கு பின்னாடியே மறைஞ்சிருக்கணும்ல, ஏன் வலது பக்கம் தள்ளி தெரியுது? அந்த தொப்பிக்காரர் கண்ணாடியில மட்டும்தான் இருக்கார், இங்க காணோமே." 1882ல இருந்து உலகத்துல எல்லாரும் கேக்குற கேள்வி அது. அந்த தொப்பிக்காரர் நிக்க வேண்டிய இடத்துல இப்ப நீதான் நிக்கிறன்னு சொன்னேன். கொஞ்ச நேரம் நகர்ந்து நகர்ந்து நின்னு பார்த்தான். மானே அந்த படத்தை வரைஞ்சப்ப அவரால ரொம்ப நேரம் நிக்க முடியாது, கால்ல அவ்ளோ வேதனை, நிஜமா அந்த பார்ல வேலை செஞ்ச பொண்ணை ஸ்டுடியோவுக்கு வர வெச்சு மேஜைக்கு பின்னாடி நிக்க வெச்சு வரைஞ்சார். ஆரஞ்சு, பாட்டில், கண்ணாடி தம்ளர்ல ரெண்டு ரோஜா, எல்லாம் கை எட்டுற தூரத்துல இருக்கிற மாதிரி பளபளன்னு இருக்கும். இடது ஓரத்து பாட்டில் லேபிள்ல தன் கையெழுத்தை போட்டிருப்பார், எங்க பிரின்ட்ல அது படிக்கிற அளவுக்கு வந்திருக்கு, அதுக்கே இந்த கடைக்கு மார்க் போடலாம். அதுதான் அவர் சலோன்ல வெச்ச கடைசி பெரிய படம். அதுக்கு முந்தின வருஷம்தான் மெடல் குடுத்தாங்க, ரெண்டாம் கிளாஸ் மெடல். அடுத்த வருஷம் ஏப்ரல்ல இடது காலை எடுத்தாங்க, அந்த மாசம் 30ஆம் தேதியே போயிட்டார், 51 வயசு. ஒலிம்பியாவை மோனேதான் ஊரெல்லாம் காசு திரட்டி 1890ல அரசாங்கத்துக்கே வாங்கி குடுத்தார்.

ஃப்ரேம் வேலைக்கு வரேன். ஏற்காடுன்னு சொன்னதுமே பெரியவர் முதல்ல கேட்டது "பனி உள்ள வருமாங்க?"ன்னுதான். மலையில இருக்கிறவங்களுக்கு தெரியும், கண்ணாடி போட்ட படம் ரெண்டு மழைக்காலம் தாண்டாது, உள்ள பூசணம் பூத்துடும். கண்ணாடியே வேண்டாம்னுட்டார், கேன்வாஸ் மேல மேட் கோட்டிங் மட்டும். பின்னாடி எம்டிஎஃப்ங்கிற மரத்தூள் பலகை வெச்சா ஈரத்துல உப்பிடும்னு சன் போர்டுங்கிற பிளாஸ்டிக் அட்டை. சில்வர் ஓக் எங்க ஊர்லயே கிடைக்குமேன்னு கேட்டேன், நல்லா காயாத கட்டை முறுக்கிக்கும், கேன்வாஸ் சுருங்கும்னு காஞ்ச பைன் சட்டம் போட்டார். நாலு மூலையிலயும் பின்னாடி ரப்பர் வெச்சு, சுவருக்கும் படத்துக்கும் நடுவுல காத்து போற மாதிரி விட்டார். ஐப்பசி மழை பூரா தாண்டிடுச்சு, இதுவரைக்கும் ஒரு புள்ளி பூசணம் இல்ல, கேன்வாஸ் தொய்யவும் இல்ல.

அஞ்சேகால் அடி சட்டத்தை பஸ்ல ஏத்த முடியாது, அதனால கேன்வாஸை பிவிசி பைப்புல சுருட்டி, சட்டத்தை தனித்தனி கட்டையா கட்டி, பெரியவரும் தம்பியும் கடை வண்டியிலயே இருபது கொண்டை ஊசி ஏறி வந்து, ஸ்கூல்ல தரையில விரிச்சு ஸ்டேப்பிள் கன்ல அடிச்சு மாட்டி குடுத்துட்டு போனாங்க. அதுக்கு வண்டி வாடகை 900 வாங்கினாங்க, நியாயம்தான். எல்லாம் சேர்த்து 7,400 ஆச்சு. டைம்தான் ரொம்ப இழுத்துடுச்சு, பத்து நாள்னு சொன்னது ஒரு மாசம் ஆச்சு. அவசரம்னா இங்க போகாதீங்க, அதுவும் ஆடி மாசம் கோட்டை மாரியம்மன் பண்டிகை சமயத்துல போகவே போகாதீங்க, மெஷின் பூரா ஃபிளெக்ஸ்தான் ஓடும். டிசைன் வேலை குடுத்தா "அப்படியே அடிங்க, எதையும் மாத்தாதீங்க"ன்னு ஆர்டர் சீட்டுல எழுதுங்க. அஞ்சுக்கு நாலு குடுக்கிறேன்.

மாட்டின அன்னைக்கு பசங்க ஒவ்வொருத்தரா அந்த பையன் பக்கத்துல நின்னு உயரம் பார்த்தாங்க. ஒரு பொண்ணு வந்து, "மிஸ், இவனுக்கு நிழல் போடலையே, மார்க் கட் பண்ணுவீங்களா?"ன்னு கேட்டா. இந்த வருஷம் ஜாடி பாடம் முடிஞ்சதும் அதே ஜாடியை நிழலே இல்லாம, ரெண்டு கலரை மோத விட்டு மட்டும் நிக்க வைக்க சொல்லப் போறேன்.

இன்னும் ஒரு சின்ன ஆர்டர் குடுத்திருக்கேன். மானே கடைசி வருஷங்கள்ல ஆஸ்பராகஸ் தண்டு ஒரு கட்டு வரைஞ்சார், நம்ம தண்ணீர்விட்டான் கிழங்கு செடிக்கு சொந்தம் அது, அங்க அதை காய் மாதிரி சமைப்பாங்க. 800 ஃப்ராங்க் விலை, வாங்கினவர் 1,000 அனுப்பிட்டார். மானே உடனே ஒரே ஒரு தண்டை மட்டும் சின்னதா வரைஞ்சு, உங்க கட்டுல ஒண்ணு குறையுதுன்னு எழுதி அனுப்பினார். கணக்கு முடிக்கிறப்ப வீணா போன கேன்வாஸுக்கு பாதி காசாவது எடுத்துக்கோங்கன்னு நான் 1,500 நீட்டினேன், அக்கா கையையே நீட்டல, அப்பதான் இந்த கதையை சொன்னேன். அந்த ஒத்தை தண்டு படம் நோட்டு புத்தக சைஸ்தான் இருக்கும், அதை அடிச்சு கல்லாவுக்கு மேல மாட்டிக்கிறோம், அந்த பிரின்ட்டுக்கு மட்டும் நீங்க காசு குடுங்கன்னாங்க. தம்பி ஃபைல் இறக்கிட்டான், அடுத்த வெள்ளிக்கிழமை போய் கலர் பார்க்கணும்.